நாலாள் கிழங்கும் எட்டு வாழைக்கன்றும்

பெர்தினாவுக்கு முட்டைக்கோஸ் என்ற பேச்சை எடுத்தாலே பற்றிக்கொண்டு வரும்.

மூன்று வருஷமாக அவள் அந்த ஊர்ப் பெண்களிடம் முட்டைக்கோஸின் அருமை பெருமைகளைச் சொல்லிக்கொண்டிருந்தாள். கொலோனியா டவுனிலிருந்து விதைப் பொட்டலம் வரும். சுகாதார நிலையத்துக்குப் பின்னால் பாத்தி கட்டி விதைப்பாள். போன்பே தீவில் பெய்கிற மழைக்குப் பாதி அழுகிப்போகும், மீதியில் பாதியை நத்தை தின்னும். தப்பிப் பிழைத்ததை அரிந்து, தேங்காய்ப்பாலில் வேகவைத்து, குழந்தையைத் தூக்கிக்கொண்டு வருகிற தாய்மார்களுக்குத் தட்டில் வைத்து நீட்டுவாள். அவர்கள் மரியாதைக்கு ஒரு வாய் வைத்துக்கொண்டு மீதியை இலையில் மடித்து எடுத்துப் போவார்கள். அது வீட்டில் எந்தத் தொட்டிக்குப் போகும் என்று பெர்தினாவுக்கு நன்றாகத் தெரியும். இலை தழையெல்லாம் பன்றிக்கு உள்ளது. மனுஷன் தின்பது கிழங்கும் சீமைப்பலாவும் மீனும்.

ஒருத்தி முகத்துக்கு நேராகவே கேட்டாள். "ஏன்க்கா, எங்களையெல்லாம் கொட்டில்ல கட்டி வளக்கலாம்னு இருக்கீங்களா?"

காத்திருந்த அத்தனை பெண்களும் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்கள். பெர்தினாவும் சேர்ந்து சிரித்துவைத்தாள். அவர்கள் போனபிறகு தட்டைக் கழுவும்போது, அந்தத் தட்டு கல்லாயிருந்தால் யார் தலையிலாவது போட்டிருக்கலாம் என்று தோன்றியது.

அவளுக்கு அப்போது நாற்பத்தாறு வயது. கிட்டி என்ற பகுதியில், மலை இறங்கி அலையாத்திக் காட்டைத் தொடுகிற அந்த ஊரின் ஒற்றை அறைச் சுகாதார நிலையத்தில் பத்தொன்பது வருஷமாகச் சுகாதாரப் பணியாளர். டாக்டர் மாதம் ஒருமுறை வருவார், அல்லது வரமாட்டார். மற்ற நாளெல்லாம் காய்ச்சல், வெட்டுக்காயம், பிரசவம், மீன்முள் எல்லாமே பெர்தினாதான். பெரிய வறட்சி வந்து போய் ஓராண்டு ஆகியிருந்தது. வறட்சியின்போது கப்பலில் வந்த அரிசி மூட்டை தீர்ந்த பிறகும் சனங்களுக்கு அரிசி ருசி தீரவில்லை. தோட்டத்தில் மறுபடி கிழங்கு விளைந்தபின்னும் அடுப்பில் சோறும் டின் மீனும்தான். மழலைகளுக்குச் சோற்றில் சர்க்கரையைப் போட்டுப் பிசைந்து ஊட்டினார்கள். அதற்குப்பிறகுதான் மாலைக்கண் குழந்தைகள் ஒன்றிரண்டாக வர ஆரம்பித்தன.

செர்லீனா தன் மகளை அதற்காகக் கூட்டி வரவில்லை. அன்ஸ்லினுக்கு நாலு வயது. மகள் காலில் இருந்த சொறிக்கு மருந்து கேட்டு வந்தவள், களிம்பு தடவும்போது பேச்சோடு பேச்சாக அவளைப் பற்றிக் குறைபட்டுக்கொண்டாள்.

"இவளை மாதிரி அழுத்தக்காரிய நான் பாத்ததில்லைக்கா. பகலெல்லாம் குட்டிப்பிசாசு மாதிரி ஓடுவா. பொழுது சாஞ்சா போதும், உக்கார வெச்ச எடத்துல உக்காந்துக்குவா. கூப்பிட்டா வரமாட்டா. நேத்து முதுகுல ரெண்டு வெச்சேன்."

பெர்தினா களிம்பு தடவுவதை நிறுத்தினாள். "சாயங்காலம் நான் உன் வீட்டுக்கு வரேன்."

சூரியன் மறைந்து வெளிச்சம் கொஞ்சமே மிச்சமிருந்த நேரத்தில் போனாள். அன்ஸ்லின் சமையல் கொட்டகையின் ஓரத்தில் ஒரு கல்மேல் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பெர்தினா பிஸ்கட் ஒன்றை எடுத்து அவள் முகத்துக்கு எதிரே நீட்டினாள்.

"இந்தா, எடுத்துக்க."

குழந்தை கையை நீட்டியது. நீட்டிய கை பிஸ்கட்டுக்கு ஒரு முழம் தள்ளிக் காற்றைத் தடவியது.

செர்லீனா வாயைப் பொத்திக்கொண்டாள். "அடிச்சேனே" என்றாள். 

இதற்கு மருந்து இல்லாமல் இல்லை. சின்னதாக ஒரு எண்ணெய் மாத்திரை. நுனியைக் கத்தரித்து வாயில் பிழிந்துவிட்டால் போதும், சில நாளில் பார்வை திரும்பும். அந்த மாத்திரை டப்பா நாலு மாதமாகக் காலி. பெர்தினா மறுநாள் காலையிலேயே கிளம்பி, மீன் ஏற்றிப்போகிற பிக்கப் வண்டியின் பின்னால் உட்கார்ந்து கொலோனியாவுக்குப் போனாள். இரண்டு மணி நேரம் இடுப்பு ஒடிந்தது. மருந்துச் சரக்கு அறைக்காரர் நோட்டைப் புரட்டிப் பார்த்தார்.

"வரும். கப்பல்ல இருக்கு."

"எந்தக் கப்பல்ல?"

"அது தெரியாது. ஆனா வரும்."

"நாலு மாசமா இதைத்தான் சொல்றீங்க. பிள்ளைக்குக் கண்ணு தெரியலை ஐயா."

"மாத்திரை இல்லாட்டா என்ன, சத்துணவு கொடுங்க. அதுக்குத்தானே உங்களை வெச்சிருக்கோம்?" என்று சொல்லிவிட்டு, உள்ளே போய் இரண்டு பொருள்களைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்தார். ஒன்று, புதிதாக அச்சடித்த சுவரொட்டி. இன்னொன்று, முட்டைக்கோஸ் விதை.

திரும்பி வருகிற வழியெல்லாம் அந்த விதைப் பொட்டலத்தை வண்டியிலிருந்து வீசி எறிந்துவிட வேண்டுமென்று கை பரபரத்தது. அரசாங்கச் சொத்தாயிற்றே என்று வீசவில்லை.

சுவரொட்டியை அறையில் ஒட்டும்போது செர்லீனா மகளோடு வந்து நின்றாள். வெள்ளைக்காரப் பிள்ளை ஒன்று எதையோ கடித்துக்கொண்டு சிரிக்கிற படம். ஊரில் ஒருத்தரும் கண்ணால் பார்த்திராத காய்.

"என்னக்கா எழுதியிருக்கு?"

"கேரட் சாப்பிட்டா கண்ணுக்கு நல்லதாம். கேரட்டுக்கு நான் எங்க போவேன், அமெரிக்காவுக்கா?"

"கரட்டா?" என்றாள் செர்லீனா. "மலைமேல பெத்ருஸ் தோட்டத்துல நிக்குதே, அந்த வாழையா? அது இப்படியா இருக்கும்?"

பெர்தினாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவர்கள் பாஷையில் கரட் என்பது ஒரு வாழையின் பெயர். தார் கீழே தொங்காமல் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டு நிற்கும். காய் குண்டு குண்டாக இருக்கும், ஒரு தாரில் கொஞ்சம்தான் காய்க்கும். விற்கக் கொண்டுபோனால் யாரும் வாங்குவதில்லை, அதனால் யாரும் நடுவதும் இல்லை. அந்தக் காலத்தில் பால்குடி மறக்கிற குழந்தைக்கு முதன்முதலில் ஊட்டுகிற பழம் அதுதான்.

சிரித்துக்கொண்டிருந்தவள் சட்டென்று நிறுத்தினாள். கரட் பழத்தைப் பிய்த்தால் உள்ளே என்ன நிறம்? சுவரொட்டியை மறுபடி பார்த்தாள். ஏறக்குறைய அதே மஞ்சள், அதே காவி. தன் தம்பி தங்கைகள் எல்லாரும் அதைத் தின்று வளர்ந்தவர்கள். அவர்களில் ஒருவருக்குக்கூட மாலைக்கண் வந்ததாக அவளுக்கு நினைவில்லை.

"மூணு வருஷம்" என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு. "மூணு வருஷமா முட்டைக்கோஸ்!"

பெத்ருஸிடம் போவது அவளுக்கு லேசான காரியம் இல்லை. அவள் புருஷன் கசியானோவுக்கும் பெத்ருஸுக்கும் பதினைந்து வருஷத்துப் போட்டி. எல்லாம் வருஷக்கணக்கில் மண்ணுக்குள் வளர்கிற வள்ளிக்கிழங்கால் வந்தது. அறுவடைக் காலத்து விருந்தில் யார் கொண்டுவருகிற கிழங்கு பெரியதோ அவருக்குத்தான் தலைவரிடம் பேர், பட்டம், எல்லாம். கிழங்கை எத்தனை ஆள் சேர்ந்து தூக்குகிறார்கள் என்பதுதான் கணக்கு. யார் எந்தப் புதருக்குள் எதை வளர்க்கிறார்கள் என்பது பரம ரகசியம். அடுத்தவன் கிழங்கைப் பற்றி விசாரிப்பது அடுத்தவன் குளிக்கும்போது எட்டிப்பார்ப்பதைப் போல அசிங்கம். அந்த வருஷம் ஊரில் ஒரு பெரிய பட்டக்காரர் செத்துப்போய், அவர் இடம் காலியாக இருந்தது. கசியானோ அதன்மேல் கண்ணாக இருந்தான். இரண்டு வாரத்துக்கு முன்னால் ஒரு காலையில் அவள் சீமைப்பலா சுட்டுக்கொண்டிருந்தபோது பக்கத்தில் வந்து குந்தி, காதோடு சொல்லியிருந்தான். "நாலு ஆள் தூக்கணும். வேற யாருக்கும் தெரியாது." சொல்லும்போது அவன் முகம் கல்யாணத்தன்று இருந்ததுபோல இருந்தது. இப்போது கரட் தேடித் தரச்சொல்லி அவள் மூன்று தடவை கேட்டதற்கும், கிழங்கு சீசன் முடியட்டும் என்றுதான் சொன்னான்.

பெத்ருஸ் தன் கொட்டகையில் கத்தி தீட்டிக்கொண்டிருந்தான். அறுபது வயது, பெண்சாதி இல்லை, நாக்கு நீளம்.

"வா தங்கச்சி. என்ன, கோஸ் விக்க வந்தியா?"

"கரட் கேக்க வந்தேன்ணே. ஒரு தார் பழமும், நடறதுக்குக் கன்னும் வேணும்."

"என்னத்துக்கு?"

அவள் சொன்னாள். குழந்தையைச் சொன்னாள், காலி டப்பாவைச் சொன்னாள். அவன் கத்தியின் முனையைக் கட்டைவிரலில் சோதித்தபடி கேட்டுக்கொண்டிருந்தான்.

"பழுக்கப்போற தார் ஒண்ணு இருக்கு. கன்னு எட்டுக்குக் குறையாம பேத்துத் தரலாம். ஆனா சும்மா தருவாங்களா?"

"என்ன வேணும்? மீன் வேணும்னா தரச் சொல்றேன்."

"மீன் கடல்ல நெறைய கெடக்கு." அவன் கத்தியைக் கீழே வைத்தான். "எத்தனை ஆள்?"

அவளுக்கு உடனே புரிந்துவிட்டது. முகம் சிவந்தது. "அண்ணே, இது கேக்கற கேள்வியா?"

"கேக்கக்கூடாதுதான். நீ பதில் சொல்லாதே. கீழ போயி கோஸை வேகவை."

பெர்தினா எழுந்தாள். தோட்டத்து விளிம்புவரை போனாள். அங்கே அந்த வாழை நின்றது, பழுக்கத் தொடங்கிய தாரை நீட்டிக்கொண்டு. ஒரு சீப்பில் மேல்காய் ஒன்று காவி நிறத்துக்கு மாறியிருந்தது. கடவுளே, இவ்வளவு கிட்டத்தில் இருக்கிறதே என்று நினைத்தாள். ஆத்திரத்தில் கண்ணீர் வந்தது. காற்றைத் தடவிய அந்தச் சின்னக் கை நினைவுக்கு வந்தது. திரும்பி வந்தாள்.

"நாலு" என்றாள், தரையைப் பார்த்து.

பெத்ருஸ் எழுந்தான். சிரிக்கவில்லை. கடப்பாரையை எடுத்துக்கொண்டு கன்று பேர்க்கப் போனான்.

எட்டுக் கன்றையும் சுகாதார நிலையத்துக்குப் பின்னால் முட்டைக்கோஸ் பாத்தியிலேயே நட்டாள். தாரைக் கொண்டுபோய் செர்லீனா வீட்டு உத்தரத்தில் கட்டிவிட்டு, "பழுக்கப் பழுக்க ஒரு நாளைக்கு மூணு பழம் குடு. வேற யாரும் தொடக்கூடாது" என்று சொல்லிவிட்டு வந்தாள்.

ஐந்தாம் நாள் விசாரிக்கப் போனால் உத்தரத்தில் வெறும் கயிறு ஆடிக்கொண்டிருந்தது.

"எங்கடி தார்?"

செர்லீனா தலையைக் குனிந்துகொண்டாள். "பன்னிக்குப் போட்டுட்டேன்க்கா."

"பன்னிக்கா!"

"கோவிச்சுக்காதீங்க. இவ மூத்திரம் மஞ்ச மஞ்சேன்னு போச்சு. சாயம் கரைச்ச மாதிரி. ஈரல் கெட்டுப்போச்சுன்னு எங்க மாமியாரு கத்தினாங்க. பயந்துட்டேன்."

பெர்தினா அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள். புருஷனின் ரகசியத்தை விற்று வாங்கின தார். ஊரிலேயே பார்வை தெளிவான பன்றி இனி செர்லீனா வீட்டுப் பன்றியாகத்தான் இருக்கும்.

"எல்லாத்தையுமா போட்டே?"

"ரெண்டு சீப்பு இருக்கு. பழுக்கலை, அதான் போடலை."

பெர்தினா அந்த இரண்டு சீப்பையும் தானே தூக்கிக்கொண்டு வந்தாள். மூன்று நாளில் பழுத்தது. அதில் நாலு பழத்தைச் செர்லீனாவும் மாமியாரும் பார்க்கப் பார்க்க அவர்கள் எதிரிலேயே உட்கார்ந்து தின்றாள். மறுநாள் காலை மாதிரி எடுக்கிற கண்ணாடிக் குப்பி ஒன்றைக் கொண்டுவந்து மாமியார் முன்னால் வைத்தாள். குப்பிக்குள் இருந்தது வெயிலில் பளபளவென்று மஞ்சளாக மின்னியது.

"இது என்னது?" என்றாள் மாமியார்.

"என்னோடது. எனக்கு ஈரல் கெட்டுப்போச்சா? மோந்து வேணும்னாலும் பாருங்க."

மாமியார் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். செர்லீனா சிரிப்பை அடக்கமுடியாமல் கொட்டகைக்குப் பின்னால் ஓடினாள். அன்று முதல் குழந்தை தினமும் சுகாதார நிலையத்துக்கே வந்து, பெர்தினாவின் கண்முன்னாலேயே பழம் தின்றது. இருந்த பழம் தீர்ந்ததும் பெர்தினா வெட்கத்தை விட்டுப் பெத்ருஸிடம் போய் இன்னொரு தார் வாங்கினாள். அந்தத் தடவை அவன் எதுவும் கேட்கவில்லை. கேட்கவேண்டியதைத்தான் ஏற்கனவே கேட்டு வாங்கிவிட்டானே.

மூன்றாவது வாரத்தில் ஒரு பொழுது சாய்கிற நேரம், செர்லீனா ஓட்டமாக ஓடி வந்தாள். "அக்கா, அவளே எழுந்து நடந்து வந்தா! கோழிக்குஞ்சைத் துரத்திக்கிட்டு வந்தா!"

அதற்கு அடுத்த நாள் மாத்திரை டப்பா வந்து சேர்ந்தது.

வந்ததைக் கொடுக்காமல் இருக்க முடியாது. பெர்தினா நுனியைக் கத்தரித்துக் குழந்தை வாயில் பிழிந்தாள். மாதக் கடைசியில் படிவத்தில் எழுதும்போது, மாத்திரை கொடுத்த தேதி என்று ஒரு கட்டம், குணமாயிற்றா என்று ஒரு கட்டம். வாழைப்பழத்துக்குக் கட்டமே இல்லை. அவள் ஓரத்தில் நுணுக்கி எழுதினாள்: மாத்திரை வருவதற்கு முன்பே பார்வை திரும்பிவிட்டது, கரட் வாழைப்பழம். படிவம் திரும்பி வந்தபோது அந்த வரியின்மேல் சிவப்பு மையால் கோடு இழுத்திருந்தது. பக்கத்தில் ஒரு குறிப்பு: ஓரங்களில் எழுத வேண்டாம்.

நவம்பரில் விருந்து வந்தது. மழை கொட்டிக்கொண்டிருந்தது. விருந்துக் கூடத்தின் மேடையில் தலைவர் உட்கார்ந்திருந்தார். கீழே கல்லில், போதைச் சாற்றுக்காகச் சக்காவ் வேரை இடிக்கிற சத்தம் மணியடிப்பதுபோல் கேட்டுக்கொண்டிருந்தது. கசியானோவின் கிழங்கை நாலு பேர் தோள்கொடுத்துத் தூக்கிக்கொண்டு உள்ளே வந்தார்கள். கூட்டத்தில் ஒரு முனகல் எழுந்தது. கசியானோ எதுவும் நடக்காதவன்போல, அடக்கமாக, தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். அப்படித்தான் நிற்கவேண்டும்.

பிறகு பெத்ருஸின் கிழங்கு வந்தது. ஆறு பேர் தூக்கியும் இடறினார்கள். அடுத்த வருஷத்துக்கென்று மண்ணுக்குள் விட்டுவைத்திருந்ததை இந்த வருஷமே தோண்டியிருந்தான்.

பட்டம் பெத்ருஸுக்குப் போயிற்று. அதோடு நின்றிருந்தால்கூடக் கசியானோ பொறுத்துக்கொண்டிருப்பான். மூன்று சுற்றுச் சக்காவ் உள்ளே போன பிறகு பெத்ருஸ் அவன் பக்கமாகச் சாய்ந்து, நாக்குக் குழற, சிரித்துக்கொண்டே சொன்னான். "தப்பா நெனச்சுக்காதே தம்பி. நாலுன்னு கேள்விப்பட்டேன். அதான் ஆறு கொண்டு வந்தேன்."

கசியானோ உடனே திரும்பிப் பெண்கள் உட்கார்ந்திருந்த பக்கம் பார்த்தான். அந்த நம்பரை அவன் ஒரே ஒரு ஆளிடம்தான் சொல்லியிருந்தான்.

 வீட்டுக்கு வந்ததும் ஈரச் சட்டையைக் கழற்றாமலே கேட்டான். "எவ்வளவுக்கு?"

"எட்டுக் கன்னு. ஒரு தார்."

"எட்டு வாழைக்கன்னுக்கு என் பேரை வித்திருக்கே."

"பிள்ளைக்குக் கண்ணு போயிருந்துச்சுங்க. நான் என்ன பண்றது? கப்பல் வரும் வரும்னு கடலைப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கவா?"

"எங்கிட்ட சொல்லியிருக்கலாமே? நான் தேடியிருக்க மாட்டேனா?"

"சொன்னேன்! மூணு தடவை சொன்னேன். கிழங்கு சீசன் முடியட்டும்னீங்க. உங்க கிழங்குக்குப் பொறுமையா பந்தல் போட்டு, கயிறு கட்டி, தண்ணி வடிய வாய்க்கா வெட்டி, வருஷக்கணக்கா காவல் காக்கறீங்க. அதுல நூத்துல ஒரு பங்கு..."

"நிறுத்து" என்றான். அவள் நிறுத்தினாள். தான் செய்தது சரி என்று அவளுக்குத் தெரியும். அவன் மனசு உடைந்ததும் நியாயம்தான் என்றும் தெரியும். இரண்டும் ஒரே நேரத்தில் தெரிந்ததுதான் தாங்க முடியாமல் இருந்தது.

அதற்குப்பிறகு அவன் அவளிடம் பேசுவதை நிறுத்திவிட்டான். சாப்பாடு வைத்தால் சாப்பிடுவான். ஏதாவது சொல்லவேண்டுமென்றால் நாயிடம் சொல்வான். "டேய், மண்ணெண்ணெய் தீந்துபோச்சு." பெர்தினாவும் நாயிடமே பதில் சொல்லப் பழகிக்கொண்டாள்.

கிறிஸ்துமஸ் கழிந்த வாரத்தில் ஒருநாள் காலை, சுகாதார நிலையத்தைத் திறக்கப் போனவள் பின்னால் உறுமல் சத்தம் கேட்டு ஓடினாள். கசியானோவின் பெரிய பன்றி, கால்கயிற்றை இழுத்துக்கொண்டு, வாழைக்கன்றுகளின் நடுவில் மூக்கால் உழுதுகொண்டிருந்தது. எட்டில் ஐந்தைத் தோண்டிக் கிழங்கோடு தின்றுவிட்டிருந்தது. அவள் துடைப்பத்தால் அடித்து விரட்டினாள். பிறகு கயிற்றின் நுனியைப் பிடித்துப் பார்த்தாள். அறுந்த நுனி மாதிரி இல்லை, இழை பிரியாமல் சுத்தமாக இருந்தது. முடிச்சு நழுவியிருக்கலாம், அவிழ்த்து விட்டிருக்கலாம்.

வீட்டுக்கு வந்து நாயிடம் கேட்கவில்லை. நேராகவே கேட்டாள். "நீங்க அவுத்து விட்டீங்களா?"

ஒன்றரை மாதம் கழித்து அவன் அவளிடம் சொன்ன முதல் வார்த்தை: "பன்னியப் போயிக் கேளு."

அன்று அவள் மிச்சமிருந்த மூன்று கன்றைச் சுற்றிக் கருங்கல் அடுக்கினாள். ஒவ்வொரு கல்லாக ஓடையிலிருந்து தானே சுமந்து வந்தாள். செர்லீனா உதவிக்கு வந்தாள். வேறு யாரும் வரவில்லை. போகிற வருகிறவர்கள் நின்று வேடிக்கை பார்த்தார்கள். ஒருவன் கேட்டான், "என்ன பெர்தினாம்மா, இந்த வருஷம் கோஸுக்குக் கோட்டை கட்டறீங்களா?"  கையிலிருந்த கல்லை அவன் காலுக்குப் பக்கத்தில் பொத்தென்று போட்டாள். அவன் நகர்ந்துவிட்டான்.

மார்ச்சில் கசியானோவின் தங்கை தன் இரண்டு வயது மகனைத் தூக்கிக்கொண்டு வந்தாள். குழந்தையின் வெள்ளை விழி வறண்டு, பளபளப்பு இல்லாமல் இருந்தது. பொழுது சாய்ந்தால் அம்மாவின் பூத்தையல் பாவாடையை விடுவதில்லை என்றாள்.  பெர்தினா மாத்திரை டப்பாவைத் திறந்தாள். மறுபடியும் காலி.

"அண்ணி, செர்லீனா மகளுக்கு ஏதோ பழம் குடுத்தீங்களாமே?"

"குடுத்தேன். இப்ப என்கிட்ட இல்லை. கன்னு மூணுதான் மிச்சம், அது காய்க்க இன்னும் ஒரு வருஷம் ஆகும். மீதி அஞ்சை உங்க அண்ணன் பன்னி தின்னுடுச்சு." குரலில் விஷம் இருந்தது, இருந்துவிட்டுப் போகட்டும் என்று விட்டாள். "பெத்ருஸ்கிட்ட இருக்கு. உங்க அண்ணனையே போயிக் கேக்கச் சொல்லு. நான் இனிமே அந்த மனுஷன் வாசல்ல நிக்கமாட்டேன்."

அவள் அண்ணனிடம் போய் என்ன சொன்னாளோ தெரியாது. மறுநாள் மத்தியானம் கசியானோ மலைமேல் ஏறிப் போனதை ஊரே பார்த்தது. பட்டத்தில் தனக்கு மேலே போய்விட்டவன் கொட்டகைக்குள், தலையைக் குனிந்து நுழைந்தானாம். பெத்ருஸ் அவனை உட்காரவைத்து, சக்காவ் பிழிந்து கொடுத்து, மழையைப் பற்றியும் மீனைப் பற்றியும் பேசிக்கொண்டே இருந்தானாம்.

பொழுது சாய்வதற்குள் கசியானோ திரும்பி வந்தான். தோளில் காவடிபோல ஒரு கம்பு. ஒரு முனையில் பழுத்த தார், இன்னொரு முனையில் கன்றுக் கட்டு. தாரைத் தங்கை வீட்டில் இறக்கிவிட்டு, கன்றுகளைச் சுகாதார நிலையத்துப் பின்புறம் கொண்டுவந்து போட்டான். பன்னிரண்டு.

பெர்தினா வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். "என்ன குடுத்தீங்க?"

"என்ன?"

"இதுக்குப் பதிலா என்ன குடுத்தீங்கன்னு கேட்டேன்."

"ஒண்ணும் குடுக்கலை." அவன் மண்வெட்டியை எடுத்தான். "கேட்டேன். குடுத்தான்."

 நாலு மாதம் வீட்டில் பேச்சு இல்லை, ஊரில் மானம் இல்லை, ஓடைக்கல் சுமந்து முதுகு பிடித்துக்கொண்டது. ஒரு ஆம்பிளை போய் உட்கார்ந்து ஒரு கொட்டாங்கச்சி சக்காவ் குடித்தால் பன்னிரண்டு கன்று.

"கேட்டா குடுத்துடுவானா? நானும்தான் கேட்டேன்! அழாத குறையா கேட்டேன்! என்கிட்ட மட்டும் எதுக்கு அந்தப் பாவி..." என்று ஆரம்பித்து, முடிக்காமலே கதவை அறைந்து சாத்தினாள். சாத்திய வேகத்தில் சுவரில் தொங்கிய நாட்காட்டி கீழே விழுந்தது.

வெளியே மண்வெட்டிச் சத்தம் கேட்டது. வெகுநேரம் ஒரே இடத்தில் கேட்டது. என்ன செய்கிறான் என்று ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தாள். முழங்கால் ஆழத்துக்கு ஒரு குழி தோண்டி, அதற்குள் இறங்கி நின்று இன்னும் தோண்டிக்கொண்டிருந்தான்.

பொறுக்க முடியாமல் வெளியே வந்தாள். "வாழைக்கு எதுக்கு இவ்வளவு ஆழம்? கிழங்கா நடறீங்க? வேர் அழுகிப்போகும்."

"எனக்கென்ன தெரியும்? அப்ப நீயே நடு" என்றான். மண்வெட்டியை நீட்டினான். நாயைப் பார்த்துச் சொல்லவில்லை. அவளைப் பார்த்துத்தான் சொன்னான்.

அவள் பிடுங்கிக்கொண்டாள். குழியில் பாதியைத் தூர்த்தாள். அவன் கன்றுகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தான். மன்னிப்பு என்று இரண்டு பேரும் கேட்டுக்கொள்ளவில்லை. அவன் பன்றியைப் பற்றி வாயே திறக்கவில்லை, அவளும் கேட்கவில்லை. கடைசி இரண்டு கன்றை நடும்போது இருட்டிவிட்டது. அதை அவன் தன் யோசனைப்படியே ஆழமாக நட்டான். அந்த இரண்டும் அழுகிப்போயின. மற்ற பத்தும் பிழைத்தன.

தங்கை மகனுக்குப் பார்வை திரும்பியது. மாத்திரை வர மேலும் இரண்டு மாதம் ஆனதால், இந்தத் தடவை அதற்குப் பேர் வாங்க வழியில்லை. பெர்தினா படிவத்தில் மாத்திரைக் கட்டத்தைக் காலியாக விட்டு, குணமாயிற்று என்ற கட்டத்தில் குறியிட்டு அனுப்பினாள். தகவல் முழுமையாக இல்லை என்று அதையும் திருப்பி அனுப்பினார்கள். அவள் அதே படிவத்தை எதையும் மாற்றாமல் திரும்ப அனுப்பினாள். அதன்பிறகு ஒவ்வொரு மாதமும் அப்படித்தான் அனுப்பினாள், அவர்களும் ஒவ்வொரு மாதமும் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தார்கள்.